உழுது வைத்த மண்

ஜனவரி 11

அக்காவுக்கு,

நீ அனுப்பிய குண்டுப் பெட்டிகள் வந்து சேர்ந்தன. கூடவே மாமாவுக்கு நீ பின்னிய கம்பளிக் காலுறையும் வந்தது. கட்டின புருஷனுக்குக் காலுறை, கூடப் பிறந்த தம்பிக்கு வெறும் குண்டு. சோதனைக் கூடத்தில் உனக்கு ஓரவஞ்சனைக்கும் தனியாகப் பயிற்சி கொடுக்கிறார்களா?

நல்ல செய்தியைச் சொல்லிவிடுகிறேன். உன் குண்டு வேலை செய்கிறது. இப்போது உயரப் பறந்தால் ஏவுகணை வந்து கொத்திக்கொண்டு போகிறது என்பது உனக்குத் தெரியும். அதனால் மரங்களை உரசுகிற மாதிரி தாழ்வாகத்தான் போகிறோம். அந்தத் தாழ்வில் பழைய குண்டைப் போட்டால், தொட்டதும் வெடித்துப் போட்டவனையும் சேர்த்து எரித்துவிடும். உன் குண்டு விழுந்தபின் நான்கு நொடி சும்மா கிடக்கிறது. நாங்கள் தாண்டிப் போன பிறகுதான் வெடிக்கிறது. மாமா இதை "உங்க அக்கா மாதிரியே. கொஞ்ச நேரம் பேசாம இருப்பா, அப்புறம்தான் இருக்கு" என்கிறார்.

நேற்று விடியலில் எதிரியின் எண்ணெய்க் கிடங்குக்குப் போனோம். நெடுவயலுக்கு நடுவில் இருக்கிறது. மாமா முன்னால், அவருக்குப் பின்னால் சற்று விலகி நான், எனக்குப் பின்னால் ஊமை. வாயே மூடாதவன் என்பதால் அவனுக்கு அந்தப் பெயர். குண்டுகள் சேற்றில் பொதக்கென்று புதைந்தன. பிறகு கிடங்கு முழுதும் ஒரே நெருப்பு. ஒரு ஆள் எரிந்துகொண்டே ஓடி ஒரு லாரிக்கு அடியில் புகுந்தான். லாரியும் எரிந்தது. எனக்குக் கைதட்டத் தோன்றியது அக்கா, தட்டவும் செய்தேன். தரையிறங்கியதும் சக்கரத்தின் மேலேயே வாந்தி எடுத்தேன். மாமா முதுகைத் தட்டி, "போய் வாயக் கழுவிட்டு வா, சாப்பிடலாம்" என்றார்.

மாமா படிக்கிற கண்ணாடியை டாக்டர் கண்ணில் படாமல் உன் காலுறைக்குள்தான் ஒளித்து வைத்திருக்கிறார். உன் கடிதம் வந்தால் மட்டும் வெளியே எடுக்கிறார்.

போன வாரம் பனியில் ஒரு மெக்கானிக் இறக்கையிலிருந்து வழுக்கி விழுந்து மண்டை உடைந்து செத்தான். எங்கள் படைத் தலைவர், அதுதான் பெரியவர், அவன் அம்மாவுக்கு "எதிரியின் தாக்குதலில் வீரமரணம்" என்று எழுதினார். இங்கே எல்லோரும் எதிரியின் கையால்தான் சாக வேண்டும் என்பது பழக்கம். "நம்ம சாமானால நம்ம ஆளு செத்தான்னு ஒரு தாய்க்கு எழுத என் கை வராது" என்கிறார். யாரும் மறுத்துப் பேசுவதில்லை.

சரக்கு விமானம் ஓட்டுகிற மூட்டைக்காரர் சட்டைப்பையில் வைத்துக் கொண்டுவருகிற கடிதம் இது. பதிலையும் அவரிடமே கொடு. தணிக்கைக்குப் போனால் பாதி கறுப்பு மையாகத்தான் வரும்.

தம்பி


ஜனவரி 19

தம்பிக்கு,

காலுறைக்காக இப்படி அழுகிற ஒருவனை நம்பி நாட்டின் வானத்தை விட்டிருக்கிறார்கள். உனக்கும் பின்னுகிறேன், மூக்கைத் துடைத்துக்கொள்.

உன் கடிதத்தில் கிடங்கை அடித்த பகுதியைக் கூடத்தில் எல்லோருக்கும் படித்துக் காட்டினேன், வாந்தியை மட்டும் விட்டுவிட்டு. எங்கள் இயக்குநர் எழுந்து நின்று கைகொடுத்தார். இரண்டு வருஷமாக என்னை "அந்தம்மா" என்று மட்டுமே சொல்லிக்கொண்டிருந்த மனிதர் அவர்.

எங்கள் வழக்கம் உனக்குத் தெரியும்: புதிதாக ஒன்றைச் செய்தவர்தான் அதன் முதல் பறப்பில் பின் இருக்கையில் ஏற வேண்டும். இந்தக் குண்டுக்கு நான் ஏறினேன், உன் மாமா ஓட்டினார். வழி முழுக்கப் பாட்டுப் பாடிக் கழுத்தை அறுத்தார். குண்டு மண்ணில் அலுங்காமல் இறங்கியது. சோதனைத் திடலில் மண்ணை நாங்கள் உழுது வைத்திருக்கிறோம். விழுந்த குண்டுகளைத் தோண்டி எடுக்கிற ஆட்கள் முதுகு ஒடிகிறது என்று முறையிட்டார்கள். பாவமாக இருந்தது. வாராவாரம் டிராக்டர் விட்டு உழச் சொன்னது நான்தான். இப்போது பாதி நேரத்தில் தோண்டிவிடுகிறார்கள், எனக்கு டீயெல்லாம் கொண்டுவந்து தருகிறார்கள்.

அந்த எரிந்த ஆளை நினைக்காதே. நினைத்தாலும் பறக்கும்போது நினைக்காதே.

அவரைக் கண்ணாடி போட்டுக்கொண்டு நாலு வரி எழுதச் சொல். அவருக்கு எழுதத் தெரியும் என்பதற்கு இந்த வீட்டில் சாட்சி இல்லை.

அக்கா


பிப்ரவரி 2

அக்காவுக்கு,

தந்தி வந்திருக்கும். எழுதக் கூடாதென்று இல்லை, பேனா நகரவில்லை.

எதிரியின் விமானத் தளத்தை அடிக்கப் போனோம். ஓடுபாதை மேல் மாமா முதலில் போனார். கீழேயிருந்து பீரங்கி சுட்டது. விமானத்தின் வயிற்றுப் பக்கம் பட்டது. ஒரு நொடிதான். அவருக்கு ஒன்றும் தெரிந்திருக்காது.

இது பெரியவர் சொல்லும் கதை அல்ல. நான் பின்னால் இருந்தேன், என் கண்ணால் பார்த்தேன்.

அனுப்புவதற்கு உடல் இல்லை. கண்ணாடி அறையிலேயே இருந்தது, காலுறையோடு அனுப்பியிருக்கிறேன். என்னைத் திட்ட வேண்டுமென்றால் திட்டு. ஆனால் எழுது.

தம்பி


பிப்ரவரி 9

தம்பிக்கு,

உன்னை ஏன் திட்ட வேண்டும்? சுட்டவனை என் கையில் கொடு, அது போதும். அவன் குரல்வளையைக் கடித்துத் துப்புவேன். பார், இதை எழுதும்போது என் எழுத்து எப்படி நிமிர்ந்து நிற்கிறது.

வீட்டுக்கு ஆட்கள் வந்துகொண்டே இருக்கிறார்கள். "தைரியமா இரும்மா" என்கிறார்கள். தைரியத்தை வைத்து நான் என்ன செய்ய, கரைத்துக் குடிக்கவா? நாலாம் நாளே கூடத்துக்கு வந்துவிட்டேன். இயக்குநர் வீட்டுக்குப் போகச் சொன்னார். "இங்க எனக்கு வேலை இருக்கு, அங்க கட்டில்தான் இருக்கு" என்றேன். 

வயிற்றுப் பக்கம் பட்டது என்றாய். அதனால் விமானத்தின் அடிவயிற்றுக்கு எஃகுத் தகடு செய்கிறேன். நானே வெட்டி, நானே பீரங்கியால் சுட்டுப் பார்த்துவிட்டேன். துளைக்கவில்லை. கனம் அதிகம்தான், விமானம் கொஞ்சம் சோம்பலாக ஏறும். இருந்துவிட்டுப் போகட்டும். உனக்கு அடியில் அது இருந்தால் நான் தூங்குவேன்.

குண்டுகளையும் முன்பைவிட இரண்டு மடங்கு அனுப்பச் சொல்லியிருக்கிறேன். அந்த ஓடுபாதையை விடாதே. அதன் மேல் புல் முளைக்கக் கூடாது. அங்கே நிற்கிறவன் எவனும் தன் வீட்டுக்கு முழுசாகப் போகக் கூடாது. நான் கெட்டவளாகிவிட்டேன் என்று நினைக்கிறாயா? ஆமாம், ஆகிவிட்டேன்.

அக்கா


மார்ச் 1

அக்காவுக்கு,

உட்கார்ந்துகொண்டு படி. பக்கத்தில் யாரையாவது வைத்துக்கொள்.

மாமாவை யாரும் சுடவில்லை.

பீரங்கி சுட்டது உண்மை. ஆனால் ஒன்றும் அவர் பக்கத்தில்கூடப் போகவில்லை. அவர் போட்ட குண்டு ஓடுபாதை சிமென்டில் விழுந்து ரப்பர் பந்து மாதிரி எழும்பியது. விமானத்தின் வேகம் அதற்கும் இருந்ததல்லவா? அவர் விமானத்தின் வயிற்றுக்கடியில், அவரோடு கூடவே பறந்தது. வீட்டு நாய் கூட ஓடிவருகிற மாதிரி. நான் ரேடியோவில், "மாமா, மேல போ, மேல போ!" என்று கத்தினேன். "என்னடா?" என்றார். அதற்குள் உன் நான்கு நொடி முடிந்துவிட்டது. வால் ஒரு பக்கம் போனது. முன்பாதி நெருப்போடு ஓடுபாதையில் தேய்த்துக்கொண்டே போய் ஒரு சுவரில் மோதியது. இருக்கை தனியாகக் கழன்று உருண்டது. அதில் அவர் பாதிதான் இருந்தார். நான் அதன் மேல்தான் பறந்து போனேன்.

நான் உனக்கு எழுதியது பச்சைப் பொய். பெரியவர் என்னைக் கூப்பிட்டு, "உங்கக்கா செஞ்ச குண்டு. அவங்க புருஷன். யோசிச்சு எழுதுப்பா" என்றார். யோசித்துத்தான் எழுதினேன். உன்னைக் காப்பாற்றுகிறேன் என்று நினைத்துக்கொண்டேன்.

சேற்றிலும் வயலிலும் குண்டு ஒழுங்காகப் புதைகிறது. சிமென்டில் எல்லாம் எழும்புவதில்லை, சில எழும்புகின்றன. அதனால் ஒவ்வொரு தடவையும் இன்றைக்கு யாருடையதோ என்று பார்த்துக்கொண்டே போகிறோம். மாமாவுக்குப் பிறகு இன்னும் இரண்டு பேர் அப்படிப் போனார்கள். மேலே போன அறிக்கையில் இருவருக்கும் எதிரியின் பீரங்கிதான். அதைப் படித்துத்தான் உன் இயக்குநர் தகட்டை எல்லா விமானத்துக்கும் அனுப்பியிருக்கிறார்.

நேற்று மூன்றாவதாக ஊமை, எனக்கு முன்னால் பறந்தபோது. தகடு போட்ட விமானம். வழக்கம்போல ரேடியோவில் எதையோ சொல்லிக்கொண்டே வந்தான், ஊருக்குப் போனால் முடி வெட்டிக்கொள்வதைப் பற்றி. குண்டு எழும்பியதை அவனே பார்த்துவிட்டான். மேலே ஏற்றும் தடியை முழுக்க இழுத்தான். விமானம் ஏறவே இல்லை அக்கா, கனம். "ஏறு, ஏறு, ஏறுடி" என்று அதைக் கெஞ்சினான். அப்புறம் பேச்சு நின்றது. அவன் வாய் மூடி நான் பார்த்தது அதுதான் முதல் முறை.

அடுத்த வாரம் மறுபடி ஓடுபாதைதான். இப்போது வரிசையில் முதல் ஆள் நான்.

தம்பி


மார்ச் 8

தம்பிக்கு,

கடிதத்தைப் படித்துவிட்டு மேஜையில் இருந்த மாதிரிக் குண்டைச் சுத்தியலால் அடித்தேன். அது உடையவில்லை, நன்றாகத்தான் செய்திருக்கிறேன். மேஜை உடைந்தது. உதவியாளர்கள் என் கையைப் பிடித்து உட்காரவைத்தார்கள்.

நீ என் மனசைக் காப்பாற்றினாய், அதற்கு மூன்று உயிரைக் கொடுத்தாய். என்னைக் கேட்டிருந்தால் என் மனசுக்கு அவ்வளவு பெறுமானம் இல்லையடா என்று சொல்லியிருப்பேன். அன்றைக்கே சொல்லியிருந்தால் செத்திருப்பேன், மறுநாள் எழுந்து குண்டைத் திருத்தியிருப்பேன். அதைவிட்டு என்னைத் தகடு வெட்ட வைத்தாய். ஊமையின் காலைப் பிடித்துக் கீழே இழுத்தது நான் வெட்டிய இரும்பு. உன்னை நேரில் பார்த்தால் அறைவேன். உயிரோடு வா, அறைகிறேன்.

எங்கள் திடலில் ஏன் ஒன்றுகூட எழும்பவில்லை என்று நீ கேட்கவில்லை. நான் கேட்டுக்கொண்டேன். மண்ணை உழுது வைத்திருக்கிறோம் அல்லவா? தோண்டுகிறவர்களுக்கு முதுகு வலிக்கிறதென்று நான் மெத்தை மாதிரி செய்து வைத்த மண்ணில் எது எழும்பும்? இத்தனை பேர் படித்தவர்கள் இருக்கிற இடத்தில், எதிரியின் ஓடுபாதையை யார் நமக்காக உழுது வைப்பார்கள் என்று ஒருவருக்கும் தோன்றவில்லை.

அன்றே மணல் நிரப்பிய குண்டை எங்கள் பழைய ஓடுபாதையில் போடச் சொன்னேன். எழும்பியது. எழும்பிப் பறந்து, காவலாளியின் கழிப்பறைச் சுவரை உடைத்துக்கொண்டு உள்ளே போய் உட்கார்ந்தது. நல்லவேளை, காவலாளி வெளியே நின்று பீடி பிடித்துக்கொண்டிருந்தார். யாருக்கும் சிரிப்பு வரவில்லை.

குண்டின் வாலில் இப்போது ஒரு பாராசூட் வைத்திருக்கிறேன். விமானத்தை விட்டதும் விரியும், குண்டைப் பின்னால் இழுத்துப் பிடிக்கும். அது ஆடி அசைந்து இறங்குவதற்குள் நீ போய்விடலாம். நேராக இறங்குவதால் எழும்பாது. நான்கு நொடித் தாமதத்தையும் இருக்கட்டும் என்று விட்டிருக்கிறேன். தாமதத்தின் திருகாணியை மூக்குப் பக்கம் வெளியிலேயே வைத்திருக்கிறேன், ஒரு காசால் திருப்பி உங்கள் மெக்கானிக்கே கூட்டிக் குறைக்கலாம். பாராசூட்டுக்குக் கிடங்கில் வெள்ளைத் துணிதான் இருந்தது.

நேற்று நிஜக் குண்டோடு பழைய ஓடுபாதை மேல் பறந்தோம். விமானி தயங்கினார். "நீங்க கீழயே இருங்க மேடம், நான் பாத்துக்கறேன்" என்றார். "செஞ்சவதான் மொதல்ல ஏறணும்" என்று ஏறி உட்கார்ந்தேன். முன் இருக்கையில் யாரும் பாடவில்லை. வெடித்தபோது நாங்கள் வெகுதூரம் போயிருந்தோம். இறங்கி வந்து அவருடைய காலுறையில் முகத்தைப் புதைத்துக்கொண்டு அழுதேன்.

தகட்டைக் கழற்றி எறி. இந்தப் பெட்டிகள் வரும்வரை ஓடுபாதைக்குப் போகாதே, காய்ச்சல் என்று படு, எதையாவது சொல்.

இங்கே இயக்குநரிடம் சண்டை போட்டு ஒரு விதி வாங்கியிருக்கிறேன்: போர்முனையிலிருந்து பறக்கிறவர் எழுதுவதை ஒரு வார்த்தை மாற்றாமல் வாரக் கூட்டத்தில் படிக்க வேண்டும். ஆகவே பார்த்ததைப் பார்த்தபடி எழுது. என் மனசைப் பற்றிக் கவலைப்படாதே.

அக்கா


ஏப்ரல் 3

அக்காவுக்கு,

எல்லோரும் திரும்பிவிட்டோம். ஒரு கீறல் இல்லை. பெரியவர் உனக்கு வாழ்த்துச் சொல்லச் சொன்னார், கண்கலங்கினார்.

பார்த்ததைப் பார்த்தபடி எழுதச் சொன்னாய். எழுதுகிறேன்.

பெட்டிகள் வரும்வரை காய்ச்சல் என்று படுத்தேன், அதனால் இப்போது வரிசையில் கடைசி ஆள். முன்னால் போனவர்களின் குண்டுகள் இறங்குவதைப் பக்கவாட்டிலிருந்து பார்த்தேன். ஓடுபாதையில் நாங்கள் முன்பு போட்ட பள்ளங்களை ஆட்கள் மூடிக்கொண்டிருந்தார்கள். கூடையும் மண்வெட்டியுமாக நிறையப் பேர், சிப்பாய்கள் மாதிரித் தெரியவில்லை. விமானச் சத்தம் கேட்டதும் சிதறி ஓடினார்கள். பிறகு மேலே வெள்ளைக் குடைகள் விரிந்தன. ஓடியவர்கள் நின்றார்கள்.

விமானம் அடிபட்டு, எங்கள் ஆட்கள் குதித்துவிட்டார்கள் என்று நினைத்திருக்கிறார்கள். திரும்பி ஓடிவந்தார்கள் அக்கா, குடையைப் பார்த்து. சிலர் கையில் கம்பி, அடிக்க வந்தவர்கள். இரண்டு பேர் கையில் ஸ்ட்ரெச்சர். ஒரு குடை கீழே தொட்டதும் துணி அவர்கள் மேலேயே சரிந்தது. ஒரு பெண் அதை விலக்கி உள்ளே யாரென்று பார்த்தாள். அப்போதுதான் நான்கு நொடி முடிந்தது.

துணி எரிந்துகொண்டே மேலே போனது. அடிக்க வந்தவர் யார், தூக்க வந்தவர் யார் என்று பிறகு சொல்ல முடியாது. ஒரு கை மட்டும் ஸ்ட்ரெச்சர் பிடியை விடாமல் கிடந்தது. எல்லாக் குடையடியிலும் அதேதான். அதற்குள் நானும் என்னுடையதைப் போட்டுவிட்டிருந்தேன்.

இந்தத் தடவை கைதட்டவில்லை. வாந்தியும் வரவில்லை. அதுதான் பயமாக இருக்கிறது.

தம்பி


ஏப்ரல் 12

தம்பிக்கு,

இது காலுறைக்குள் வருகிறது. படித்ததும் எரித்துவிடு.

உன் கடிதத்தை நான்தான் கூட்டத்தில் படித்தேன். என் விதி, வார்த்தை மாற்றவில்லை. அந்தப் பெண் துணியை விலக்கிய இடத்தில் தாளிலிருந்து தலையை நிமிர்த்தினேன். யாராவது தலையைக் குனிவார்கள் என்று பார்த்தேன். இயக்குநர் பென்சிலைக் கையில் எடுத்தார். "எவ்ளோ தூரத்துலேருந்து ஓடி வந்தாங்க?" என்றார். பிறகு, "நாலு நொடிக்கே இத்தன பேர்னா, அரை நிமிஷம் வெச்சா?"

முடியாது என்றேன். கத்தினேன். தண்ணீர்க் குவளையை அவர் மேல் வீசினேன், காதில் பட்டு ரத்தம் வந்தது. அவர் கைக்குட்டையால் காதைப் பொத்திக்கொண்டு, "அவங்க புருஷன் போனதுலேருந்து சரியில்ல" என்று மற்றவர்களிடம் சொன்னார். நான் வேலை சொல்லிக்கொடுத்த பெண்ணே மதியத்துக்குள் எல்லாவற்றையும் அரை நிமிஷத்துக்கு வைத்துவிட்டாள். ஒரு காசால் திருப்புகிற வேலை. அவ்வளவு எளிதாக நான்தான் செய்து வைத்திருந்தேன். அந்தப் பெட்டிகள்தான் இந்தக் காலுறையோடு வருகின்றன. நான் இனி கூடத்துக்குள் போக முடியாது, அடையாள அட்டையை வாங்கிக்கொண்டார்கள்.

நீ பொய் சொன்னபோது நம் ஆட்கள் செத்தார்கள். உண்மை சொன்னதும் அதைப் பிடித்து இதைச் செய்கிறார்கள். இனி எதை எழுதச் சொல்வது உன்னை?

உன் கையில் ஒரு காசு இருக்கும். திருகாணியை இடப்பக்கம் முழுக்கத் திருப்பிவிட்டால் தாமதமே இருக்காது, தரையைத் தொட்டதும் வெடிக்கும். குடை இருப்பதால் நீ தப்பிவிடுவாய். ஓடுபாதை உடையும். ஓடிவர நினைக்கிறவர்கள் தூரத்திலேயே நின்றுவிடுவார்கள், பாதிப் பேராவது. ஒவ்வொரு பெட்டியிலும் ஒவ்வொரு குண்டையும் திருப்ப வேண்டும். மாட்டினால் உன்னைச் சுவரோரம் நிறுத்திச் சுடுவார்கள், அதுவும் தெரிந்துதான் கேட்கிறேன். அங்கே நிற்கிறவன் எவனும் வீட்டுக்கு முழுசாகப் போகக் கூடாது என்று எழுதியவளும் நான்தான்.

செய்தாயா இல்லையா என்று எழுதாதே. கூட்டத்தில் படிக்க வேண்டுமென்று உன் கடிதம் இப்போது கூடத்துக்கே போகிறது, இயக்குநர்தான் முதலில் பிரிக்கிறார். காலுறை அளவாக இருக்கிறதா என்று மட்டும் எழுது.

அக்கா


ஏப்ரல் 27

அக்காவுக்கு,

நலம். இந்தக் கடிதத்தைக் கூட்டத்தில் படிக்கலாம்.

புதிய தாமதம் வேலை செய்யவில்லை. வழியில் ஈரம் புகுந்திருக்கும் என்று நினைக்கிறேன். எல்லாக் குண்டுகளும் தரையைத் தொட்டதுமே வெடித்துவிட்டன, யாரும் அருகில் வரவில்லை. இது பெரியவர் சொல்லும் கதை அல்ல. நான் பின்னால் இருந்தேன், என் கண்ணால் பார்த்தேன்.

பெட்டிகளைத் திறந்தது யார் என்று விசாரிக்க இரண்டு பேர் வந்திருக்கிறார்கள். நாளைக்கு என்னைக் கூப்பிட்டிருக்கிறார்கள்.

காலுறை அளவாக இருக்கிறது. போட்டுக்கொண்டுதான் போகிறேன்.

தம்பி